பேசி முடித்த வழக்கும் திரும்பி வரும் கட்டணமும்

தரமணியில் ஒரு மனைக்காக வழக்காடும் இருவர் தாங்களே பேசித் தீர்த்து, வழக்கை வாபஸ் வாங்கினால் கட்டிய நீதிமன்றக் கட்டணம் திரும்பக் கிடைக்குமா? நீதிமன்றம் அனுப்பாமல் தாமாகச் சமரசம் கண்டவர்களுக்குத் தர முடியாது என்று சென்னை உயர்நீதிமன்றப் பதிவகம் ஒரு வழக்கில் மறுத்தது. உயர்நீதிமன்றமே அந்த மறுப்பை ஏற்கவில்லை. தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 69-ஏ பிரிவு இவர்களுக்கும் பொருந்தும் என்று 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் உறுதிசெய்தது. அரசுக்கு நஷ்டமில்லையா என்று கேட்கலாம். சாட்சி, விசாரணை, மேல்முறையீடு என்று ஆண்டுக்கணக்கில் நீளும் செலவு மிச்சமாகிறதே! நியாயமான தீர்ப்புதான்.

ஆனால் வெறுமனே வாபஸ் வாங்குவதில் ஆபத்து உண்டு. நீதிமன்ற அனுமதியின்றிக் கைவிட்ட வழக்கை, எதிர்த்தரப்பு வாக்கு மாறினாலும், மறுபடி தொடுக்க முடியாது. உடன்பாட்டை எழுதி, இருவரும் கையெழுத்திட்டு, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆம் கட்டளை, 3-ஆம் விதிப்படி தீர்ப்பாணையாகவே வாங்கிவிடுங்கள். அதை நிறைவேற்றித் தரும்படி நீதிமன்றத்தையே கேட்கலாம்.