குரல் போன பிறகு

(சங்கத்தின் ஆண்டு ஒன்றுகூடலில் ஆற்றிய உரை)



வேதியியல் படித்தவனுக்கு இத்தாலியப் பாடகியிடம் என்ன வேலை என்று சிலர் சிரிப்பது தெரிகிறது. இசைமேதை வெர்டியின் பெயர் உங்களில் பலருக்குத் தெரியும். ஜுசெப்பினா ஸ்ட்ரெப்போனி யார் என்று கேட்டால், 'வெர்டியின் மனைவி' என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுவார்கள். அதுதான் எனக்கு வருத்தம்.

1815-ல் லோடி என்ற ஊரில் பிறந்தவர். அப்பா மோன்ஸா தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தவர். 1832-ல் அவர் இறந்தபோது, மூத்த மகள் மிலான் இசைக் கல்லூரி மாணவி. 1834-ல் படிப்பை முடித்தார். அந்த ஆண்டே மேடை ஏறினார். அடுத்த ஆண்டு ட்ரியெஸ்தேயில் பெயர் வாங்கி, வியன்னா வரை போனார். அதன்பிறகு அம்மாவுக்கும் உடன்பிறந்தவர்களுக்கும் அந்தக் குரல்தான் சோறு போட்டது.

இன்றைக்கு மாதிரி மைக்கா இருந்தது? முழு வாத்தியக் குழுவையும் தாண்டி, கடைசி வரிசைவரை தொண்டையாலேயே எட்ட வேண்டும். ஊருக்கு ஊர் குதிரை வண்டிப் பயணம். மணமாகாமலே குழந்தைகள் பிறந்தன. கர்ப்பமாக இருந்த மாதங்களிலும் பாடினார். பாடாவிட்டால் வீட்டுக்குப் பணம் ஏது? பெற்ற பிள்ளைகளைக்கூடக் கூட வைத்து வளர்க்க முடியவில்லை. ஊர் வாய் சும்மா இருக்குமா, சொல்லுங்கள்.

அந்தச் சமயத்தில் வெர்டி ஓர் இளைஞர். மனைவியையும் இரண்டு குழந்தைகளையும் இழந்தவர். 1840-ல் போட்ட ஆப்பெராவும் தோல்வி. அவருக்காக மிலானின் லா ஸ்காலா அரங்கில் பரிந்து பேசியவர்களில் ஸ்ட்ரெப்போனியும் ஒருவர். 1842 மார்ச் 9 அன்று 'நபுக்கோ' அங்கே அரங்கேறியது. அபிகாயில்லே என்ற முதல் கதாநாயகிப் பாத்திரம் இவருக்கு. பாடிப் பழகியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன், தொண்டையைத் தின்கிற பாத்திரம் அது. ஓரிடத்தில் மேலே உச்சியிலிருந்து இரண்டு ஸ்தாயி கீழே ஒரேயடியாகக் குதிக்க வேண்டும்! ஸ்ட்ரெப்போனிக்கு வயது 26. குரலோ ஏற்கெனவே தேய்ந்துவிட்டது. நாடகம் அமோக வெற்றி. அந்த வசந்தத்தில் எட்டு முறை நடந்தது. இலையுதிர் காலத்தில் மறுபடி போட்டபோது ஐம்பதைத் தாண்டி ஓடியது. அப்போது அபிகாயில்லே வேறொருவர்.

1846-ல் மேடையை விட்டார். முப்பது வயது. நம்மில் பலர் அந்த வயதில்தான் வேலையில் நிலைத்தோம்.

அழுதுகொண்டு உட்காரவில்லை. பாரிஸுக்குப் போய்ப் பாட்டு வாத்தியாராக அமர்ந்தார். 1847-ல் வெர்டியும் அங்கே வந்தார். அந்த ஆண்டு அவர் எழுதிய 'ஜெருசலேம்' ஆப்பெராவின் கைப்பிரதியில் ஒரு காதல் பாட்டு. வார்த்தைகள் மாறி மாறி இருவர் கையெழுத்திலும் இருக்கின்றன. கல்யாணப் பத்திரிகை அச்சடிக்க இதைவிட என்ன வேண்டும்?

ஆனால் பத்திரிகை அடிக்கவில்லை. 1849-ல் வெர்டியின் சொந்தப் பகுதியான புஸ்ஸெத்தோவுக்கு வந்து ஒன்றாக வாழ்ந்தார்கள். ஊர் அவருடன் பேசவே மறுத்தது. வெர்டியை வளர்த்து ஆளாக்கிய முதல் மாமனார் பரெட்ஸியே மனம் சுளித்தார். 1852 ஜனவரியில் வெர்டி அவருக்கு ஒரு கடிதம் எழுதினார்: என் வீட்டில் இருப்பவர் யாருக்கும் கணக்குச் சொல்லக் கடமைப்பட்டவர் அல்ல, அவருக்கு மரியாதை தர வேண்டும் என்பதுதான் அதன் சாரம். நல்ல கடிதம்தான். ஆனால் வாசலைத் தாண்டினால் முகம் திருப்பும் ஊரில் ஆண்டுக்கணக்கில் இருந்தது அந்த அம்மாள்தானே!

1859 ஆகஸ்ட் 29-ல், ஜெனீவாவுக்குப் பக்கத்துக் கிராமமான கொலோன்ஷில் ஓசையின்றிக் கல்யாணம். சாட்சிகள் வண்டிக்காரரும் கோயில் மணி அடிப்பவரும். பிறகு வெர்டியின் கடிதப் போக்குவரத்தில் பெரும்பகுதியைக் கவனித்தார். கணவர் மனம் வேறொரு பாடகியிடம் சாய்ந்த ஆண்டுகளையும் சகித்தார். அதை நான் இங்கே விரிக்கவில்லை.

1897 நவம்பர் 14-ல் காலமானார். மிலானில் அடக்கம் செய்தார்கள். 1901-ல் வெர்டி போனதும் இருவரையும் ஓரிடத்தில் வைத்தார்கள். அன்று டோஸ்கனினி நடத்த, நூற்றுக்கணக்கானோர் சேர்ந்து 'நபுக்கோ'வின் அடிமைகள் பாட்டைப் பாடினார்கள். 59 வருஷத்துக்கு முன் அவர் தொண்டையைக் கொடுத்த அதே ஆப்பெரா! அந்த இடம் எது தெரியுமா? வயதான இசைக் கலைஞர்களுக்காக வெர்டி கட்டிய இல்லம். பாட முடியாமல் போனவர்கள் இன்றும் அங்கே வசிக்கிறார்கள். கீழே அந்த அம்மாளின் கல்லறை.