எல்லைக் கோட்டில் ஒரு குப்பம்

(கோட்டக்குப்பத்தில் ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் மீனவர்களும் கூடிய கூட்டத்தில் நிகழ்த்திய பேச்சு)



உங்கள் ஊரின் கதையை உங்களிடமே சொல்ல வந்திருக்கிறேன். கொல்லன் தெருவில் ஊசி விற்க வந்தவனைப் போலத்தான். நான் முத்தியால்பேட்டைக்காரன். உங்கள் ஊரும் எங்கள் ஊரும் ஒட்டிக் கிடக்கின்றன. உங்கள் அடுப்புப் புகை எங்கள் கூரையில் படிகிறது. ஆனால் நீங்கள் மனுக் கொடுக்க விழுப்புரத்துக்குப் போகிறீர்கள். நான் புதுச்சேரிக் கச்சேரிக்குப் போகிறேன். நடுவில் ஓர் எல்லை இருக்கிறது. அதை யார் போட்டார்கள், எதற்காகப் போட்டார்கள், இன்று உங்கள் கடற்கரை கரைந்து போவதற்கும் அதற்கும் என்ன சம்பந்தம் என்பதைத்தான் பேசப் போகிறேன்.

முதலில் மண்ணைப் பார்ப்போம். மேற்கே செம்மண் மேடு. கல்லும் சரளையும் கலந்த பூமி. முந்திரியும் மல்லாட்டையும் விளையும். நெல்லுக்கு ஏங்க வேண்டியதுதான். ஒரு காலத்தில் அந்த மேட்டில் காடு இருந்தது. மரத்தை வெட்டித் தீர்த்தார்கள். பிறகு ஐப்பசி, கார்த்திகை மழை மண்ணை அறுத்து அறுத்து, ஆள் மறைகிற பள்ளங்களாக்கிவிட்டது. பெருமழை நாளில் அந்தச் செந்தண்ணீர் ஓடை வழியாக ஓடி வந்து கடலோரத்தையே சிவப்பாக்கும். 1968இல் ஆரோவில் நகரம் தொடங்கிய பிறகு மேட்டில் வரப்புக் கட்டினார்கள், மரம் வைத்தார்கள். மரம் வைத்தவர்களைப் பற்றிப் புத்தகங்கள் வந்திருக்கின்றன. குழி வெட்டிய கைகளில் சுற்றுக் கிராமத்துக் கூலியாட்களின் கைகளும் உண்டு. அதை நாமாவது சொல்லி வைப்போம்.

கிழக்கே மணல். தென்னை, பனை, சவுக்கு. மணல் வெறும் குப்பை என்று நினைக்காதீர்கள். மழைத் தண்ணீரை உள்ளே வாங்கி உப்புத் தண்ணீருக்கு மேல் மிதக்க வைத்திருப்பது இந்த மணல் மேடுதான். கடலுக்குக் கூப்பிடு தூரத்தில் கிணறு தோண்டி நல்ல தண்ணீர் குடித்தோமே, அது மணல் கொடுத்த தண்ணீர். கட்டுமரத்தை ஏற்றி வைக்கவும், கரைவலை இழுக்கவும், வலை உலர்த்தவும், கருவாடு காயப் போடவும் மணல் வேண்டும். விவசாயிக்கு வயல் எப்படியோ, மீனவனுக்குக் கடற்கரை அப்படி.

இந்த மேட்டுக்கும் மணலுக்கும் நடுவில் சென்னைக்குப் போகும் ரஸ்தா. அந்த ரஸ்தாவின் இரு புறத்திலும் வளர்ந்த ஊர் இது. பெயரிலேயே கோட்டையும் இருக்கிறது, குப்பமும் இருக்கிறது. குப்பம் உங்களுடையது. கோட்டை எப்போதும் வேறு யாருடையதாகவோதான் இருந்து வந்திருக்கிறது.

இனி எல்லையின் கதைக்கு வருகிறேன்.

புதுச்சேரியில் பிரெஞ்சுக்காரன் கோட்டை கட்டினான். அந்தக் கோட்டை மதிலுக்கு வெகு தூரம் வெளியே, ஊரையும் தோட்டங்களையும் வளைத்து ஒரு முள்வேலி வளர்த்தான். கற்றாழையும் முள்ளும் அடர்ந்து, இடையிடையே பனையும் தென்னையும் நின்ற வேலி. எதிரியின் குதிரைப் படை நுழைய முடியாது. இதுதான் நம் எல்லைக்கு முப்பாட்டன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

1760இல் ஆங்கிலேயத் தளபதி அயர் கூட் படையோடு வந்து இந்த வேலியைப் பிடித்துக்கொண்டான். உள்ளே பிரெஞ்சுத் தளபதி லாலி. கடலிலும் ஆங்கிலேயக் கப்பல். உள்ளே தானியம் குறைந்தது. லாலி என்ன செய்தான்? நவம்பர் கடைசியில், ஊரிலிருந்த நம் ஜனங்கள் சுமார் 1,400 பேரை, ஆண், பெண், குழந்தை என்று பாராமல் கோட்டைக்கு வெளியே துரத்திவிட்டான். சாப்பிடுகிற வாய் குறையட்டும் என்று. அவர்கள் வேலிப் பக்கம் வந்தார்கள். ஆங்கிலேயன் வழி விடவில்லை. திரும்பி உள்ளே போ, அவன் தானியத்தைத் தின்று தீர் என்றான். கோட்டைப் பக்கம் திரும்பினார்கள். அங்கே துப்பாக்கி. இரண்டு கோடுகளுக்கு நடுவில் எட்டு நாள் கிடந்தார்கள், தோழர்களே! கட்டாந்தரையில் புல்லின் வேரைத் தோண்டித் தின்றார்கள். எட்டாம் நாள்தான் கூட் வழி விட்டான். வெளியே வந்தவர்களுக்குப் போக இடமோ, கையில் காசோ இல்லை. ஆனாலும் உயிரோடு வெளியே வந்ததற்கே சந்தோஷப்பட்டார்கள் என்று ஆங்கிலேய சரித்திரக்காரனே எழுதி வைத்திருக்கிறான்.

இந்த யுத்தத்தில் வென்றவன் பெயரும் தோற்றவன் பெயரும் பள்ளிக்கூடப் புத்தகத்தில் இருக்கின்றன. அந்த 1,400 பேரில் ஒருவர் பெயர்கூட நமக்குத் தெரியாது.

1761 ஜனவரி 16ஆம் தேதி புதுச்சேரி விழுந்தது. கோட்டையை இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். பிறகு சமாதானம், திருப்பிக் கொடுத்தல், மறுபடி யுத்தம், மறுபடி பிடித்தல். கடைசியாக 1816இல் ஆங்கிலேயன் திருப்பிக் கொடுத்தபோது ஒரே துண்டாகக் கொடுக்கவில்லை. இங்கே நாலு கிராமம், அங்கே இரண்டு கிராமம் என்று, கிழிந்த வேட்டியைப் போல் ஓட்டை ஓட்டையாகக் கொடுத்தான். முத்தியால்பேட்டை பிரெஞ்சுக்காரனிடம் போயிற்று. கோட்டக்குப்பம் ஆங்கிலேயனின் தென்னாற்காடு ஜில்லாவில் நின்றது. மாமன் ஒரு ராஜ்யம், மருமகன் ஒரு ராஜ்யம்!

ஆனால் உழைப்பு இந்தக் கோட்டை மதித்ததா? இல்லை. புதுச்சேரியிலிருந்து நீலத்துணி என்று ஒரு சரக்கு ஆப்பிரிக்காவின் செனகல் நாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. அங்கே அந்தத் துணியைக் கொடுத்துக் கருவேலம் பிசினை வாங்கினார்கள். துணியே அங்கு பணம் போல் செலாவணியாயிற்று. அந்தத் துணிக்கு நீலம் எங்கிருந்து வந்தது? ஆங்கிலேயனின் தென்னாற்காட்டில் அவுரி பயிரிட்ட குடியானவனிடமிருந்து. நூல் நூற்றவள் ஒரு பக்கம், நெய்தவன் ஒரு பக்கம், சாயத் தொட்டியில் இறங்கியவன் ஒரு பக்கம். லாபம் மட்டும் கடலைத் தாண்டிப் போயிற்று.

பிறகு ஆலைகள் வந்தன. சவானா, ரோடியர், கெப்ளே என்ற மூன்று பஞ்சாலைகள். சங்கு ஊதினால் எல்லைக்கு இரண்டு பக்கமும் கேட்கும். 1936 ஜூலை 30ஆம் தேதி வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள் மீது பிரெஞ்சு சர்க்கார் துப்பாக்கிப் பிரயோகம் செய்தது. 12 பேர் மாண்டார்கள். வ. சுப்பையா முதலானோர் முன்னின்று நடத்திய அந்தப் போராட்டத்தின் பலனாக 1937 ஏப்ரலில் எட்டு மணி நேர வேலை சட்டமாயிற்று. அப்போது ஆங்கிலேய இந்தியாவில் 1934ஆம் வருஷத்துச் சட்டப்படி ஆலையில் நாளுக்குப் பத்து மணி நேரம். இந்த மணலில் நின்று யோசித்துப் பாருங்கள். எல்லைக்குத் தெற்கே எட்டு மணி, வடக்கே பத்து மணி! வடக்கே அந்தப் பத்து மணி குறைவதற்கு 1946 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

சுதந்திரம் வந்தது. எல்லை போகவில்லை. 1949 ஏப்ரலில் இந்திய சர்க்கார் பிரெஞ்சிந்தியாவைச் சுற்றிச் சுங்க வேலி போட்டது. என் பாட்டனார் நெசவாளி. நூல் வாங்கவும் பெண் கொடுத்த வீட்டுக்குப் போகவும் இந்த எல்லையைத் தாண்டுவார். போகும்போதும் வரும்போதும் தூக்குச்சட்டியைத் திறந்து காட்ட வேண்டும். "கூழுக்கும் தீர்வை உண்டா ஐயா?" என்று கேட்பாராம். ஏழையின் சட்டியில் கூழ்தான் இருந்தது. தங்கமும் கைக்கடிகாரமும் வேறு வழியாகப் போய்க்கொண்டிருந்தன.

1954இல் கிராமங்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் பிரெஞ்சு ஆட்சியை உதறின. அக்டோபர் 18இல் கீழூரில் 178 பிரதிநிதிகள் வாக்களித்தார்கள். 170 பேர் இந்தியாவோடு சேர வேண்டும் என்றார்கள். 8 பேர் மறுத்தார்கள். நவம்பர் 1இல் ஆட்சி கைமாறியது. ஒப்பந்தம் முழுமையானது 1962 ஆகஸ்டு 16ஆம் தேதி. அதன்படி பிரெஞ்சு தேசிய உரிமையை வேண்டியவர்கள் எழுதிக் கொடுக்கலாம் என்று ஆறு மாதத் தவணை. சுமார் 5,000 பேர் எழுதிக் கொடுத்தார்கள். எல்லைக்கு அப்பால் பிறந்து வாழ்ந்த ஒருவனுக்கு அந்த வாய்ப்பு இருந்தது; நாலு வீடு தள்ளி இங்கே பிறந்து வாழ்ந்த அவன் தாய்மாமனுக்கு இல்லை.

இப்போது அந்த ஆலைகளும் இல்லை. 2020இல் பூட்டிவிட்டார்கள். உங்கள் ஊர் 2021இல் நகராட்சியாகிவிட்டது. ஆனால் எல்லை மட்டும், ராஜ்யங்களின் எல்லையாக இருந்தது, இரண்டு நிர்வாகங்களின் எல்லையாக உட்கார்ந்திருக்கிறது. சோதனைச்சாவடியில் சாராயப் புட்டியைத் தேடுகிறார்கள். தேடட்டும். நான் பேச வந்தது கடலைப் பற்றி.

கடற்கரை மணல் ஓரிடத்தில் நிற்பதில்லை. தென்மேற்குக் காற்றுக் காலத்தில் அலை அதை வடக்கே தள்ளுகிறது. வடகிழக்குப் பருவத்தில் கொஞ்சம் தெற்கே தள்ளுகிறது. வரவு செலவு பார்த்தால் வடக்கே போவதுதான் அதிகம். வருஷத்துக்குப் பல லட்சம் கன மீட்டர். விவசாயத் தொழிலாளர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இது ஒரு வாய்க்கால். தண்ணீருக்குப் பதில் மணல் ஓடுகிறது, அவ்வளவுதான். தெற்கே அரியாங்குப்பம் ஆற்று முகத்தில் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் இரண்டு கல் கைகளை நீட்டினார்கள். 1989இல் வேலை முடிந்தது. மேல்மடைக்காரன் வாய்க்காலைக் குறுக்கே அடைத்தால் என்ன ஆகும்? கைக்குத் தெற்கே மணல் குவிந்தது. வடக்கே கடைமடை காய்ந்தது. தெற்கே குவியும் மணலை எடுத்து வடக்கே விட வேண்டும் என்று துறைமுகத் திட்டத்திலேயே இருந்தது. அது ஒழுங்காக நடக்கவில்லை.

முதலில் புதுச்சேரி நகரத்துக் கடற்கரை போயிற்று. நகரத்தைக் காப்பாற்றக் கல் கொட்டினார்கள். கல் மணலைக் கொண்டு வராது; அரிப்பை அடுத்த வீட்டுக்கு அனுப்பும். குருசுக்குப்பம், வைத்திக்குப்பம், சோலை நகர் என்று அரிப்பு வடக்கே நடந்து வந்தது. எல்லையில் நின்று அனுமதிச் சீட்டுக் கேட்கவில்லை! உங்கள் ஊருக்கும் தந்திராயன்குப்பத்துக்கும் வந்துவிட்டது. வீடு போயிற்று, தென்னை போயிற்று, வலை இழுத்த மணல் போயிற்று. தமிழ்நாட்டு சர்க்காரும் இங்கே கல் கொட்டியது. தூண்டில் வளைவு போட்டது. உடனே சின்ன முதலியார்சாவடியும் பொம்மையார்பாளையமும் அலறுகின்றன. அவர்களுக்கும் கல் கொட்டினால், அதற்கு வடக்கே இருக்கும் குப்பத்துக்கு யார் பதில் சொல்வது?

கடல் திருப்பிக் கொடுக்காது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 2018இல் புதுச்சேரித் தலைமைச் செயலகத்துக்கு எதிரே, தேசியக் கடல் தொழில்நுட்ப நிறுவனத்தின் திட்டப்படி, கடலுக்குள் எஃகுத் திட்டு ஒன்றை இறக்கினார்கள். அங்கே மறுபடி மணல் சேர்ந்தது. சனங்கள் கால் நனைக்கிறார்கள். செயலகத்துக்கு எதிரே முடிந்த காரியம் இது. அதற்கு வடக்கே மணலுக்குக் காத்திருப்பவர்கள் இன்னும் காத்திருக்கிறார்கள்.

ஆகவே நாம் கேட்க வேண்டியது கல் அல்ல, மணல். துறைமுகத்துக்குத் தெற்கே சேரும் மணலை வருஷந்தோறும் அள்ளி வடக்கே விட வேண்டும். அதற்கு இரண்டு சர்க்காரும் ஒரே மேசையில் உட்கார வேண்டும். விழுப்புரத்தில் கேட்டால் புதுச்சேரியைக் காட்டுகிறார்கள். புதுச்சேரியில் கேட்டால் உங்கள் ஊர் எங்கள் வரைபடத்தில் இல்லை என்கிறார்கள். அதனால் மனு ஒன்றாக இருக்கட்டும். சோலை நகர்க்காரனும் கோட்டக்குப்பத்துக்காரனும் பொம்மையார்பாளையத்துக்காரனும் அதே காகிதத்தில் கையெழுத்துப் போடட்டும். ஒரு பிரதி விழுப்புரத்துக்கு, ஒரு பிரதி புதுச்சேரிக்கு. காகிதம் இதோ இந்த மேசையில் இருக்கிறது. எங்கள் தெருவில் போட்ட கையெழுத்துகள் முதல் பக்கத்தில் இருக்கின்றன. இரண்டாம் பக்கம் காலியாக இருக்கிறது.