எழுபதாவது வளைவுக்கு மேலே
(பழைய மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



எனக்கு ஊர் கொல்லிமலை, சோளக்காடு. காரவள்ளியில் ஏறி 70 கொண்டை ஊசி வளைவு தாண்டினால் எங்கள் சந்தை வரும். அங்கே மிளகு விற்ற பணத்தில்தான் அப்பா என்னை இந்தக் கல்லூரியில் சேர்த்தார். சென்னையில் 1959-லிருந்தே ஐ.ஐ.டி. இருக்கிறது. நான் அந்தப் பெயரைக் கேட்டதே இங்கே விடுதிக்கு வந்தப்புறம்தான்! அப்போது எனக்கு விண்ணப்பிக்கும் காலம் கடந்துவிட்டது.

இன்று வழி இல்லையா? இருக்கிறது. ஐ.ஐ.டி.க்களில் பழங்குடியினருக்கு 7.5 சதவீத இடம். தர வரிசையில் சற்றுப் பின்தங்கினால்கூட, ஓராண்டு ஆயத்தப் படிப்பு தந்து சேர்த்துக்கொள்ளும் ஏற்பாடும் உண்டு. அரசுப் பள்ளிப் பிள்ளைகள் அத்தகைய நிறுவனங்களில் சேர்ந்தால், கட்டணத்தைத் தமிழக அரசே ஏற்கும் என்று 2022-ல் அறிவிப்பு வந்தது.

அப்புறம் எங்கே இடிக்குது? சொல்ல ஆள் இல்லை, ஐயா!

என் அக்கா மகனையே எடுத்துக்கொள்ளுங்கள். நல்ல மார்க். மற்றவர்களுக்குச் சாதிச் சான்று தாலுகா அளவிலேயே கிடைத்துவிடும். பழங்குடியினருக்குக் கோட்டாட்சியர் தர வேண்டும். செம்மேட்டில் தாலுகா ஆபீஸ். கோட்டாட்சியர் இருப்பது கீழே நாமக்கல்லில். நாங்கள் ரிசல்ட் வந்த பிறகுதான் மனுப் போட்டோம். சான்று கைக்கு வருவதற்குள் கலந்தாய்வு முடிஞ்சு போச்சு. ஒன்பதாம் வகுப்பிலேயே வாங்கி வை என்று ஒருத்தர் சொல்லியிருந்தால் போதும். மாமன் நானே சொல்லவில்லையே! அந்த வருத்தம் இன்னும் ஆறவில்லை.

டவுன் பிள்ளைக்கு வீட்டிலேயே ஒரு சித்தப்பா இன்ஜினியர். எந்தப் பரீட்சை, எப்போது விண்ணப்பம் என்று சாப்பாட்டு நேரத்திலேயே காதில் விழுந்துவிடும். மலைப் பிள்ளைக்கு அது கிடைப்பதில்லை. அறிவில் வித்தியாசம் இல்லை நண்பர்களே, பேச்சுத்துணையில்தான் வித்தியாசம்.

2024-ல் பச்சைமலையிலிருந்து எங்கள் மலையாளிப் பழங்குடி மாணவி ஒருவர் திருச்சி என்.ஐ.டி.யில் சேர்ந்தார். பச்சைமலைக்கு முடிந்தது கொல்லிமலைக்கு முடியாதா?

நான் நன்கொடை கேட்க வரவில்லை. ஆளுக்கு ஒரு அரசுப் பள்ளி. ஆண்டுக்கு இரண்டு நாள். ஒன்பதாம் வகுப்பில் போய் உட்கார்ந்து சான்று, பரீட்சை, கடைசித் தேதி எல்லாம் சொல்லுங்கள். தம்பி தங்கைகளே, லீவுக்கு ஊருக்குப் போகும்போது நீங்களும் சொல்லுங்கள். அந்தப் பிள்ளைகளுக்கு நாம் சித்தப்பாவாக, சித்தியாக இருப்போம்.