தீர்ப்புத் தொகுதியும் உரைமரபும்



தொல்காப்பிய நூற்பா ஒன்றற்கு இளம்பூரணர் ஒரு பொருள் கூற, நச்சினார்க்கினியர் வேறொன்று கூறுவதைக் கற்றோர் அறிவர். அவ்வேறுபாட்டால் எவரும் நிலத்தை இழந்ததில்லை. தரும நூல்களுக்கு எழுந்த உரைகளின் நிலை அவ்வாறன்று.

கணவன் இசைவின்றி ஒரு பெண் பிள்ளையைத் தத்துக் கொடுத்தலோ கொள்ளுதலோ கூடாது என்பது வசிட்டர் பெயரால் வழங்கும் விதி. இவ்வொரு விதிக்கு நாட்டின் நான்கு பகுதிகள் நான்கு பொருள் கண்டன. தத்தெடுக்கும் பொழுதிலேயே இசைவு வேண்டும் என்றது மிதிலை. ஆகவே கைம்பெண் தத்தெடுக்கவே இயலாது. கணவன் வாழ்ந்த காலத்தில் தந்த இசைவு அவன் இறந்த பின்னும் செல்லும் என்றது வங்காளம். விதியே கணவனோடு வாழும் பெண்ணுக்குத்தான், கைம்பெண்ணுக்கன்று என்றது மராட்டியம். கணவன் இசைவு இல்லாவிடினும் அவனுடைய நெருங்கிய பங்காளிகள் இசைந்தால் போதும் என்பது தென்னாட்டு வழக்கு.

இந்த நான்காவது பொருளின் மீதே இராமநாதபுரம் ஜமீனின் எதிர்காலம் நின்றது. பர்வதவர்த்தனி நாச்சியார் கணவர் மறைந்த பின் முத்துராமலிங்க சேதுபதியைத் தத்தெடுத்தார். அது செல்லுமா என்ற வழக்கு மதுரை ஆட்சியருக்கும் சேதுபதிக்கும் இடையே இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1868இல் தத்து செல்லும் என்று தீர்ப்பாயிற்று. பழைய மூலநூலிலிருந்து எப்பொருளை வருவிக்கலாம் என்று ஆராய்வதைவிட, அந்நிலப்பகுதிக்குரிய மரபு எப்பொருளை ஏற்றுக்கொண்டது, வழக்காறு எதனை உறுதிசெய்தது என்று காண்பதே நீதிபதியின் கடமை என்றும், ஐயமின்றி மெய்ப்பிக்கப்பட்ட வழக்காறு எழுதிய நூலினும் வலியது என்றும் அத்தீர்ப்பு வகுத்தது. வென்ற சேதுபதி தாமும் செய்யுள் இயற்றியவர். விவேகானந்தரை ஆதரித்த பாஸ்கர சேதுபதிக்குத் தந்தை.

தீர்ப்பைப் படித்த அன்றே வழக்கு முடிந்தது. ஆனால் அதன் காரணங்கள் இன்றும் கைக்கு எட்டுவது எட்மண்ட் மூர் என்பவர் அதனைத் தொகுத்து அச்சிட்டதால். ‘12 மூர் இந்திய மேல்முறையீடுகள் 397’ என்னும் குறிப்பில் முதல் எண் தொகுதி, ஈற்றெண் பக்கம். எந்த ஊர் நூலகத்திலும் இந்த இரண்டு எண்கள் ஒரே பக்கத்தைத் திறக்கும். பாட வேறுபாட்டால் அல்லலுற்ற பதிப்பாசிரியர்களுக்கு இதன் அருமை தெரியும். அக்காலத் தொகுதிகள் வழக்கறிஞர் வாதங்களையும் அச்சிட்டன. தோற்ற வாதத்தையும் படித்தால்தான் வென்ற வாதத்தின் எல்லை தெரியும். பின்னர் 1875ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழி அரசே ‘இந்தியன் லா ரிப்போர்ட்ஸ்’ தொகுதிகளை வெளியிடத் தொடங்கியது. 1891இல் ‘மெட்ராஸ் லா ஜர்னல்’ தோன்றிற்று.

இவற்றில் தீர்ப்புக்கு முன்னே சில வரிகளில் அமையும் தலைக்குறிப்பு, அவசரக்காரர்க்கு வரப்பிரசாதம், ஆராய்ச்சியாளர்க்குப் படுகுழி. அது தொகுப்பாசிரியர் சொல், நீதிபதி சொல் அன்று. தீர்ப்பின் மூலம் பொதுவுடைமை. தலைக்குறிப்பு அதை எழுதுவித்தோரின் பதிப்புரிமைக்கு உட்பட்டது என்று 2007இல் உச்ச நீதிமன்றம் கூறியதே இவ்விரண்டும் வெவ்வேறு என்பதற்குச் சான்று. பொழிப்புரையை மட்டும் படித்துவிட்டு மூலத்தை மேற்கோள் காட்டுவோர் இலக்கிய உலகிலும் இல்லாமலில்லை!

மற்றொன்று, கண்டெடுத்த தீர்ப்பு உயிரோடிருக்கிறதா என்று பார்த்தல். 1956ஆம் ஆண்டு இந்து தத்தெடுப்புச் சட்டம் கைம்பெண் தன் உரிமையிலேயே தத்தெடுக்கலாம் என்றது. பங்காளிகள் இசைவு என்னும் பேச்சே அத்தோடு ஒழிந்தது. இராமநாதபுரத் தீர்ப்பில் அப்பகுதி இன்று வரலாறு. வழக்காறு பற்றிய பகுதியோ வேறு வழக்குகளில் இன்னும் எடுத்தாளப்படுகிறது. ஒரே தீர்ப்பின் ஒரு கிளை பட்டு, மறு கிளை தழைப்பதைப் பின்வந்த தொகுதிகளை வரிசையாகப் புரட்டினாலன்றி அறியமுடியாது. 2023 முதல் உச்ச நீதிமன்றத் தொகுதிகள் கணினி வழி இலவசமாகக் கிடைக்கின்றன. தேடும் உழைப்பு குறைந்தது. படிக்கும் உழைப்பு குறையவில்லை.

இத்தனையும் ஆங்கிலத்திலேயே நிகழ்ந்தன. வழக்காடியவர்களோ தமிழர்கள். தம் நிலம் ஏன் போயிற்று என்பதை அவர்கள் பிறர் வாய்வழியே கேட்டறிய வேண்டியிருந்தது. இக்குறையை நூற்றறுபது ஆண்டுகளுக்கு முன்பே உணர்ந்தவர் மாயூரம் வேதநாயகம் பிள்ளை. திருச்சி நீதிமன்றத்தில் ஆவணக் காப்பாளராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் இருந்து முன்சீப் ஆனவர் அவர். 1805 முதல் 1861 வரையிலான சதர் நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழாக்கி, ‘சித்தாந்த சங்கிரகம்’ என்று 1862இல் வெளியிட்டார். வாதி, பிரதிவாதி இருவர் கூற்றையும் நடுநின்று சொல்லி, காரணம் காட்டி முடிவுக்கு வரும் உரைநடையைத் தமிழில் அவர் முதலில் பழகிய களம் இதுவே எனலாம். ‘பிரதாப முதலியார் சரித்திரம்’ வெளிவந்தது அதற்குப் பதினேழு ஆண்டுகள் கழித்து, 1879இல். நாவலுக்குப் பல பக்கங்கள் தரும் இலக்கிய வரலாறுகள் தீர்ப்புத் தொகுதிக்கு ஒரு வரியோடு நின்றுவிடுகின்றன.