வண்டிக்கோட்டைக்குள் ஓர் இனம்



தென்னாபிரிக்க நிறவெறியின் கொடுமையைப் படம்பிடித்தோர் பலர். அக்கொடுமை எவ்வுள்ளத்தில் முளைத்தது என்று துருவிப் பார்த்தவர் சிலரே. அச்சிலருள் ஒருவர் பீற்றர் டேவிஸ். 1977இல் அவர் ஆக்கிய விவரணப் படத்தின் பெயர் 'வெள்ளை லாகர்'. லாகர் என்பது யாது? மாட்டு வண்டிகளை வட்டமாக நிறுத்தி, ஒன்றோடொன்று பிணைத்து, உள்ளே நின்று போரிடும் வண்டிக்கோட்டை. 1838 டிசெம்பர் 16ஆம் நாள் அத்தகைய கோட்டைக்குள் நின்ற ஏறக்குறைய 470 குடியேறிகள், ஒல்லாந்தர் வழிவந்தோர், ஆயிரக்கணக்கான சூலு வீரரை வென்றனர். இறைவனே தம்மைத் தெரிந்தெடுத்தான் என்பதற்கு அவ்வெற்றியைச் சான்றாகக் கொண்டனர்.

அவர்களும் துன்பமறியாதவர் அல்லர். அதையும் சொல்லத்தான் வேண்டும். 1899 முதல் 1902 வரை நடந்த போரில் ஆங்கிலேயர் அவர்தம் பண்ணைகளைக் கொளுத்தினர். தடுப்பு முகாம்களில் 26,000க்கு மேற்பட்ட பெண்களும் பிள்ளைகளும் மடிந்தனர். பின்னர் மில்னர் பிரபு பள்ளிக்கூடங்களில் ஆங்கிலத்தைத் திணித்தார். தாய்மொழி தாழ்த்தப்பட்ட புண் ஆறவேயில்லை.

அதே போரில் கறுப்பரும் தனி முகாம்களில் அடைக்கப்பட்டு, 14,000க்குக் குறையாதோர் மாண்டனர். 1913இல் புளூம்பொன்டேனில் எழுந்த நினைவுத்தூணோ வெள்ளைப் பெண்டிர்க்கும் பிள்ளைகளுக்குமே உரியதாயிற்று. தூண் எழுந்த அதே ஆண்டில் வந்தது நிலச் சட்டம். அன்று தலைமை அமைச்சர், அப்போரிற் படைநடத்திய போத்தா! மக்களிற் பெரும்பான்மையினரான கறுப்பருக்கு விடப்பட்டது நாட்டு நிலத்தில் நூற்றுக்கு ஏழு பங்களவே. வெள்ளையர் பண்ணைகளில் வாரத்துக்கு உழுத குடிகள் ஆடுமாடுகளோடு தெருவில் நின்றனர். மண்ணை உழுது வாழும் உங்களுக்கு இதனை நான் விரித்துரைக்க வேண்டியதில்லை.

1948இல் மலானின் தேசியக் கட்சி ஆட்சியேறியது. 1950ஆம் ஆண்டுச் சட்டங்கள் மனிதரை நிறத்தாற் பதிவுசெய்தன. நிறத்துக்கொரு குடியிருப்பென வகுத்தன. கரும்புத் தோட்டங்களுக்காக 1860 முதல் நேட்டாலுக்குக் கொண்டுசெல்லப்பட்ட தமிழரின் வழிவந்தோரும் வீடிழந்தனர்.

மொழிக்காக அழுத அவ்வினமே, கணிதம் முதலிய பாடங்களைத் தன் ஆபிரிக்கான்ஸ் மொழியிற் கற்குமாறு கறுப்புப் பிள்ளைகளைப் பணித்தது. 1976 ஜூன் 16ஆம் நாள் சொவெற்றோ மாணவர் ஊர்வலமாக எழுந்தனர். பொலிசார் சுட்டனர். தொடர்ந்த மாதங்களில் இறந்தோர் நூற்றுக்கணக்கினர். டேவிஸின் படம் வெளிவந்தது அதற்கு மறு ஆண்டில்.

இச்சட்டங்கள் 1991இல் நீக்கப்பட்டன. 1994இல் எல்லா மக்களும் வாக்களித்தனர். ஆயினும் 1913இற் பறித்த நிலத்தின் வழக்கு இன்னும் தீர்ந்தபாடில்லை.