கைநாட்டுக்கு முன்னால் ஒரு கேள்வி



உண்மையில் நடந்த ஒரு சம்பவத்தைக் கேளுங்கள்.

இமாச்சலப் பிரதேசத்தில் ஹமீர்பூர் மாவட்டம் இருக்கிறது. அங்கே ஒரு பெண். கணவனை இழந்தவர். எழுதப் படிக்கத் தெரியாதவர். 1967-68ஆம் ஆண்டில் அவருடைய நிலத்தில் அரசு சாலை போட்டது. நோட்டீஸ் கொடுக்கவில்லை. ஒரு பைசா நஷ்டஈடும் கொடுக்கவில்லை. பணம் கேட்கத் தனக்கு உரிமை உண்டு என்பதே அவருக்குத் தெரியாது. கேட்காமலே இருந்துவிட்டார்.

அதே சாலைக்கு நிலம் இழந்த வேறு சிலர் 2004இல் உயர் நீதிமன்றம் போனார்கள். அவர்களுக்கு நியாயம் கிடைத்தது. அது தெரிந்த பிறகு, 2010இல் இந்தப் பெண்ணும் வழக்குப் போட்டார்.

அரசு என்ன சொன்னது தெரியுமா? "42 வருடமாக நிலம் எங்கள் கையில் இருக்கிறது. அதனால் அது எங்களுடையது" என்றது.

உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. 2020 ஜனவரி 8ஆம் தேதி தீர்ப்பு வந்தது. மற்றவர்களுக்குக் கொடுத்த அதே கணக்கில் 8 வாரத்துக்குள் நஷ்டஈடு கொடுக்க வேண்டும். வழக்குச் செலவுக்கு 10 லட்சம் ரூபாயும் கொடுக்க வேண்டும். இதுதான் தீர்ப்பு. அப்போது அந்த அம்மாவுக்கு வயது 80.

வெற்றிதான். ஆனால் அரை நூற்றாண்டு போய்விட்டதே!

பொதுக் காரியத்துக்காக அரசு நிலம் எடுக்கலாம். ஆனால் சட்டப்படிதான் எடுக்க வேண்டும். அரசியல் சட்டத்தின் 300-ஏ பிரிவு இதைச் சொல்கிறது. வெள்ளைக்காரன் காலத்து 1894ஆம் ஆண்டுச் சட்டம் இப்போது இல்லை. 2013இல் புதிய சட்டம் வந்தது. 2014 ஜனவரி 1 முதல் அது நடப்பில் இருக்கிறது.

முதலில் அறிவிப்பு வரும். எந்த நிலம், எதற்காக எடுக்கிறார்கள் என்று அதில் இருக்கும். ஆட்சேபணை இருந்தால் 60 நாளுக்குள் கலெக்டருக்கு எழுதிக் கொடுக்க வேண்டும்.

பணம் எப்படிக் கணக்கிடுவார்கள்? நிலத்தின் சந்தை மதிப்பு 2 லட்சம் ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். கிராமத்து நிலமானால் அதை 1 முதல் 2 வரை உள்ள ஓர் எண்ணால் பெருக்குவார்கள். எந்த எண் என்பது மாநிலத்துக்கு மாநிலம் மாறும். 2 என்றால் 4 லட்சம் ஆகும். கிணறு, மரம், வீடு இருந்தால் அவற்றின் மதிப்பைச் சேர்க்க வேண்டும். அது 1 லட்சம் என்றால் மொத்தம் 5 லட்சம். இதற்குச் சமமாக இன்னொரு 5 லட்சம் ஆறுதல் தொகை. ஆக 10 லட்சம். இதற்கு மேல், சந்தை மதிப்புக்கு ஆண்டுக்கு 12 சதவீதம் வீதம் ஒரு தொகையும் உண்டு.

கிணற்றையும் மரத்தையும் கணக்கில் விட்டுவிட்டால் நஷ்டம் யாருக்கு? அதனால் அதிகாரி அளக்க வரும்போது கூடவே நில்லுங்கள். மரங்களை எண்ணிக் காட்டுங்கள். குறித்துக் கொண்டதைப் படித்துப் பாருங்கள்.

கலெக்டர் தொகையை முடிவு செய்து சொல்வதற்குத் தீர்வம் என்று பெயர். தொகை குறைவாகத் தெரிந்தால் என்ன செய்வது? பணத்தை வாங்காமல் இருக்க வேண்டியதில்லை. "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு வாங்கலாம். இந்த ஒரு வரி மிக முக்கியம். ஆட்சேபணை சொல்லாமல் வாங்கியவர், தொகை போதாது என்று பிறகு மனுப் போட முடியாது. சட்டம் அப்படித்தான் சொல்கிறது.

கூடுதல் தொகை கேட்கும் மனுவைக் கலெக்டரிடம் கொடுக்க வேண்டும். தீர்வம் சொல்லும்போது நேரில் இருந்தவருக்கு அன்றிலிருந்து 6 வாரம் கெடு. இல்லாதவருக்கு நோட்டீஸ் கிடைத்ததிலிருந்து 6 வாரம், அல்லது தீர்வத்திலிருந்து 6 மாதம். இதில் எது முதலில் முடிகிறதோ அதுவே கெடு. அதனால் நோட்டீஸ் வந்த தேதியை உடனே குறித்து வையுங்கள்.

முழுத் தொகையும் கொடுத்த பிறகுதான் நிலத்தைக் கையில் எடுக்க வேண்டும். இதுவும் சட்டம்.

வக்கீல் வைக்கப் பணம் இல்லையா? மாவட்ட நீதிமன்றத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பெண்களுக்கும், தாழ்த்தப்பட்டோருக்கும், பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச உதவி உண்டு. மற்ற ஏழைகளுக்கும் உண்டு. 15100 என்ற எண்ணில் போன் செய்தும் கேட்கலாம்.

நாளை யாராவது ஒரு காகிதத்தை நீட்டி, "இங்கே கைநாட்டு வை" என்று சொல்லலாம். அப்போது அவசரப்படாதீர்கள். "இதில் என்ன எழுதியிருக்கிறது?" என்று கேளுங்கள். எழுத்துக் கூட்டியாவது நீங்களே படியுங்கள். புரியாவிட்டால் படித்தவரை அழைத்து வந்து படிக்கச் சொல்லுங்கள். அதன் பிறகு கையெழுத்துப் போடுங்கள்.

ஹமீர்பூர் அம்மாவுக்கு அன்று இதைச் சொல்ல ஆள் இல்லை. இன்று கேட்ட நீங்கள், வீட்டுக்குப் போனதும் பக்கத்து வீட்டாரிடம் சொல்லுங்கள்.