பியானோவுக்குச் சுருதி சேர்ப்பவர்



பியானோவின் சுரங்களுக்கு ஓர் அட்டவணை உண்டு. மொத்தம் 88 கட்டைகள். ஒவ்வொன்றுக்கும் நேரே ஓர் அதிர்வெண். இடது கோடிக் கட்டையை அழுத்தினால் தந்தி விநாடிக்கு 27.5 முறை அதிரும். வலது கோடியில் 4186 முறை. நடுவே, மேற்கத்தியர் ‘ஏ’ என்றும் நம் மேடைகளில் ஆறு கட்டை என்றும் சொல்கிற சுரத்துக்கு 440. நம்முடைய ஒரு கட்டை, அஞ்சு கட்டைக் கணக்கெல்லாம் ஆர்மோனியத்தின் வெள்ளைக் கட்டைகளை எண்ணிவந்த வழக்கம்தான். ஆகவே இந்த எண்கள் நமக்கு அப்படியொன்றும் அந்நியமில்லை.

இந்த அட்டவணையை வரிக்கு வரி பின்பற்றி ஒரு பியானோவுக்குச் சுருதி சேர்த்தால், கேட்க நன்றாக இராது. உச்ச ஸ்தாயி தொய்ந்து கிடக்கும். கீழ் ஸ்தாயி மேலேறி நிற்பதுபோல உறுத்தும். கேட்கும்படி அதைச் செய்து கொடுப்பவர் ட்யூனர். கச்சேரி அழைப்பிதழில் அவர் பெயர் வருவதில்லை. அவர் செய்வதைப் பழுது பார்க்கும் வேலையாகத்தான் பலரும் நினைக்கிறார்கள். அது முழுமையான ஒரு கலை என்பது என் துணிபு. அதை ஏன் அப்படி மதிக்கிறேன் என்று சொல்லத்தான் இன்று வந்திருக்கிறேன்.

முதலில் அந்த 27.5. உங்கள் வானொலிப் பெட்டியின் சின்ன ஒலிபெருக்கியால் அவ்வளவு தாழ்ந்த அதிர்வை எழுப்பவே முடியாது. ஆனாலும் ஒரு பியானோ இசைத்தட்டை நாங்கள் ஒலிபரப்பும்போது அந்த அடிச்சுரம் உங்களுக்குக் கேட்கத்தான் செய்கிறது. காரணம், எந்தத் தந்தியும் ஒரே எண்ணில் மட்டும் அதிர்வதில்லை. 27.5 அதிரும்போதே அதன் இரு மடங்கு, மும்மடங்கு, நான்மடங்கு என்று மேற்சுரங்களும் கூடவே கிளம்புகின்றன. அவற்றில் சில காதை எட்டினால் போதும். இவை எந்த அடியிலிருந்து முளைத்தவை என்று மூளை கண்டுகொண்டு, வராத சுரத்தை வந்ததாகவே வைத்துக்கொள்கிறது. ட்யூனரின் உழைப்பு பெரும்பாலும் இந்த மேற்சுரங்களின் உலகத்தில்தான் நடக்கிறது.

தம்புரா பழகிய காதுக்கு இது புதிதல்ல. மந்தர ஷட்ஜத் தந்தியை மீட்டிவிட்டுக் கவனித்தால், யாரும் மீட்டாத அந்தர காந்தாரம் அதற்குள்ளிருந்து தானாகப் பேசும். சுயம்பு காந்தாரம் என்று பெரியவர்கள் சொல்வார்கள். ஷட்ஜத்தின் ஐந்து மடங்கு அதிர்வு அது. அந்தக் காந்தாரத்தை நம் ஸ்தாயிக்கு இறக்கினால், ஷட்ஜம் 220 எனும்போது காந்தாரம் 275-இல் வந்து நிற்கும். பியானோவில் அதே காந்தாரம் 277.18-இல் இருக்கிறது. காது கேட்கிற இடத்தைவிடச் சற்று மேலே, தெரிந்தே வைத்திருக்கிறார்கள்.

இதற்குப் பின்னால் தீராத ஒரு கணக்கு இருக்கிறது. சுத்தமான பஞ்சமம் ஷட்ஜத்தைப்போல ஒன்றரை மடங்கு. இடது கோடியின் 27.5-இல் தொடங்கிப் பஞ்சமம், அதற்குப் பஞ்சமம் என்று பன்னிரண்டு முறை ஏறுங்கள். ஏழு ஸ்தாயி தாண்டி, தொடங்கிய சுரத்துக்கே வந்து சேர வேண்டும். ஏழு ஸ்தாயி என்றால் ஏழு முறை இரட்டிப்பது. அந்த வழியில் வந்தால் 3520. பஞ்சமங்களின் வழியில் வந்தால் 3568. இந்த 48 அதிர்வு மிச்சத்தை எங்கேயாவது வைத்தாக வேண்டும்.

நம் பாடகருக்கு இந்தத் தொல்லை இல்லை. ஒரே ஆதார ஷட்ஜத்தில் நின்று பாடுகிறார். சுரத்தைக் காதால் பார்த்து நிறுத்துகிறார். பியானோவில் கட்டை நகராது. அதே கட்டை ஓர் உருப்படியில் ஷட்ஜமாகவும், அடுத்ததில் காந்தாரமாகவும், இன்னொன்றில் பஞ்சமமாகவும் நிற்க வேண்டும். மேற்கத்திய இசையோ ஒரே உருப்படிக்குள்ளேயே ஆதாரத்தைப் பலமுறை மாற்றும். பழைய ஐரோப்பியர் மிச்சத்தையெல்லாம் ஒரே பஞ்சமத்தில் ஒதுக்கித் தள்ளினார்கள். மற்ற இடங்கள் இனித்தன. அந்த ஒரு பஞ்சமம் ஊளையிட்டது. ஓநாய் என்றே அதற்குப் பெயர் வைத்தார்கள். இன்று நிலைத்திருப்பது மிச்சத்தைப் பன்னிரண்டு சுரங்களுக்கும் சமமாகப் பகிரும் முறை. அதற்கான எண்களைச் சீனத்து மிங் அரச குடும்பத்தைச் சேர்ந்த சூ சாய்-யூ 1584-இலேயே நுட்பமாகக் கணித்துவிட்டார். ஒவ்வொரு கட்டையும் முந்தையதைப்போல 1.05946 மடங்கு, பன்னிரண்டு முறை பெருக்கினால் இரண்டு. இடது கோடியில் அடுத்தடுத்த இரு கட்டைகளுக்கு நடுவே 1.6 அதிர்வுதான் வித்தியாசம். வலது கோடியில் அது 235. காதுக்கு இரண்டும் ஒரே அளவு படி.

இந்தப் பகிர்வில் பஞ்சமத்துக்கு அதிகச் சேதமில்லை. அடிபடுவது காந்தாரம். இதே அகில இந்திய வானொலி 1940-இல் இந்தப் பகிர்வில் அமைந்த ஆர்மோனியத்தை விலக்கி வைத்ததும் 1971-இல்தான் அந்தத் தடை தளரத் தொடங்கியதும் உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். நிலைத்த கட்டையில் கமகம் வராது, அதன் காந்தாரம் தம்புராவோடு ஒட்டாது என்பவையே முக்கியக் குற்றச்சாட்டுகள். நம் சங்கீதத்தின் பக்கம் நின்று பார்த்தால் அந்தக் குறையில் நியாயம் இருக்கிறது. ஆனால் பியானோவை அந்த அளவுகோலால் அளப்பது நியாயமில்லை. அது கமகத்துக்குப் பிறந்த வாத்தியமல்ல. பல சுரங்களை ஒன்றாக எழுப்பி, ஆதாரத்தை விட்டு ஆதாரம் போய்த் திரும்புவதுதான் அதன் வாழ்க்கை. அதற்காக ஒவ்வொரு காந்தாரமும் கொஞ்சம் விட்டுக் கொடுத்திருக்கிறது. அந்த விட்டுக்கொடுத்தலை எங்கும் ஒரே அளவாகச் செய்து முடிப்பதில் ட்யூனரின் முதல் திறமை தெரிகிறது.

சரியாக இருப்பதை நிறுத்துவது எளிது. குறிப்பிட்ட அளவு பிசகாக இருப்பதைக் காதால் நிறுத்துவது எப்படி? அவர் வேலை செய்யும்போது அருகே உட்கார்ந்து கேட்டால் விளங்கும். முதலில் நீளமான கம்பளிப் பட்டை ஒன்றைத் தந்திகளுக்கு இடையே செருகுகிறார். நடு ஸ்தாயியில் ஒரு சுரத்துக்கு மூன்று தந்திகள். பட்டை வெளித் தந்திகளை அடக்கிவிட, நடுத் தந்தி மட்டும் பேசுகிறது. இசைக்கவையை முழங்காலில் தட்டி, 440-ஐ ஆறு கட்டைக்குக் கொடுக்கிறார். அதற்கு ஒரு ஸ்தாயி கீழே 220. பிறகு 220-ஐயும் அதற்குக் கீழுள்ள நாலு கட்டையையும், அதாவது 174.6-ஐ, ஒன்றாக அழுத்துகிறார். 220-இன் நான்கு மடங்கு 880. 174.6-இன் ஐந்து மடங்கு 873. இந்த இரண்டு மேற்சுரங்களும் ஒன்றோடொன்று உரசி, விநாடிக்கு ஏறக்குறைய ஏழு முறை ஒலி எழும்பித் தாழும். பள்ளிப் பாடத்தில் விம்மல் என்று படித்தோமே, அதுதான். ட்யூனர் அந்த ஏழை எண்ணுகிறார். அடுத்த அரைச்சுரத்தில் அதே ஜோடியின் விம்மல் 7.3 ஆக வேண்டும், அதற்கடுத்து 7.8, அதற்குமேல் 8.2. படிப்படியாக வேகம் கூடிப்போகிற அந்தத் தொடரில் ஒரு படி தடுக்கினாலும் அவர் திரும்பி வருகிறார்.

பஞ்சமங்களில் எண்ணிக்கை மிக மெதுவாகப் போகும். 220-க்கும் அதன் பஞ்சமத்துக்கும் நடுவே நான்கு விநாடிக்கு மூன்றே விம்மல். அதைக் கேட்பதற்கு இருக்கும் பொறுமை வேறு யாரிடம் இருக்கிறது?

கை வேலையும் சாதாரணமானதல்ல. ஒரு பெரிய பியானோவில் ஏறத்தாழ 230 தந்திகள். அவற்றின் மொத்த இழுவிசை 20 டன்னை நெருங்கும். வார்ப்பிரும்புச் சட்டம்தான் தாங்கி நிற்கிறது. திருகாணியில் நீண்ட பிடியுள்ள சாவியைப் பொருத்தி, மயிரிழை அளவு மேலே இழுத்து, கட்டையை ஓங்கி அடித்து, மெல்ல இறக்கி நிறுத்துகிறார். அடிக்காமல் விட்டால் இழுவிசை தந்தி முழுக்கப் பரவாது. பிறகு வாசிப்பவர் பலமாக ஒரு சுரத்தை அடித்ததும் சுருதி நழுவிவிடும். காது கண்டுபிடித்ததைக் கை நிலைநிறுத்தத் தெரியாதவர் ட்யூனர் ஆகமாட்டார்.

இந்தக் கலையை ஒரு முறையாக எழுதி வைத்த முன்னோடிகளில் ஒருவர் கிளோத் மொந்தால். பார்வையற்றவர். லூயி பிரெய்ல் படித்த அதே பாரிஸ் பார்வையற்றோர் பள்ளியின் மாணவர். அங்கே மாணவர்கள் பியானோவில் கைவைப்பதற்கே எதிர்ப்பு இருந்தது. அவர் ஒரு தோழரோடு சேர்ந்து பழைய பியானோ ஒன்றைக் கழற்றிப் பூட்டிக் கற்றார். பிறகு தம் போன்றவர்களுக்கு அதைக் கற்றுக்கொடுத்தார்; 1836-இல் பியானோவுக்குச் சுருதி சேர்ப்பது பற்றி ஒரு நூலையே வெளியிட்டார். அவருக்குப் பிறகு ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பார்வையற்றோர் பள்ளிகளில் இது ஒரு முக்கியமான தொழிற்கல்வியாகவே வளர்ந்தது.

440 என்ற எண்ணும் வேதவாக்கு அல்ல. ஹாண்டெல் காலத்து இசைக்கவை ஒன்று 422 சொச்சத்தில் ஒலிக்கிறது. பிரான்ஸ் 1859-இல் 435 என்று சட்டம் போட்டது. 1939-இல் லண்டனில் கூடிய மாநாடுதான் 440-ஐ ஏற்றது. இன்றும் சில ஐரோப்பிய வாத்தியக் குழுக்கள் இரண்டு, மூன்று அதிர்வு கூட்டியே வைத்துக்கொள்கின்றன. இதைப் பற்றி நடக்கும் வாதங்களில் எனக்கு அதிக நாட்டமில்லை. சென்னை போன்ற கடலோர ஊரில் ஈரக் காற்று ஏறினால் பியானோவின் மர ஒலிப்பலகை உப்பி, நடு ஸ்தாயியின் சுருதியைத் தானே தூக்கிவிடும். அரங்கின் குளிர்சாதனத்தை ஓடவிட்டால் இறங்கிவிடும். ட்யூனருக்கு அதுதான் பெரிய கவலை.

இனி அட்டவணை தோற்கும் இடத்துக்கு வருகிறேன். எஃகுத் தந்திக்கு விறைப்பு உண்டு. விறைப்பு இருப்பதால் அதன் மேற்சுரங்கள் இரு மடங்கு, மும்மடங்கு என்று கச்சிதமாக நிற்பதில்லை. ஒவ்வொன்றும் கொஞ்சம் கூடுதலாகவே எழும். தாழ்ந்த சுரத்தின் இரு மடங்கு மேற்சுரமே கூடி நிற்கும்போது, மேல் ஸ்தாயியை வெறும் இரு மடங்கில் வைத்தால் இரண்டும் உரசும். அதனால் ட்யூனர் ஸ்தாயிகளைச் சற்றே இழுத்து அகலப்படுத்துகிறார். உச்சியில் மேலே, அடியில் கீழே. ரெயில்ஸ்பேக் என்ற அமெரிக்க இயற்பியலாளர் 1930-களில் நன்கு சுருதி சேர்த்த பியானோக்களை அளந்து இந்த வளைவை வரைந்து காட்டினார். அட்டவணை 4186 என்று சொல்லும் வலது கோடிச் சுரம் சில பியானோக்களில் 4250-ஐ ஒட்டிப் போய்விடுகிறது. சிறிய பியானோவில் தந்தி குட்டையாகவும் ஒப்பளவில் விறைப்பாகவும் இருக்கும், இழுப்பும் அதிகம். ஆகவே ஒவ்வொரு பியானோவுக்கும் அதனதன் அட்டவணை. அதை அந்த வாத்தியத்திடமிருந்தே கேட்டு வாங்க வேண்டும். இப்போது கைபேசிச் செயலிகளும் தந்தியின் விறைப்பை அளந்து இந்த இழுப்பைக் கணக்கிட்டுத் தருகின்றன, நன்றாகவே செய்கின்றன. அவற்றை நான் குறை சொல்லமாட்டேன்.

ஆனால் ஒரு பியானோ யார் கையில் சுருதி சேர்ந்தது என்பதை நான் தேடுவது வேறிடத்தில். ஒரே சுரத்துக்கான மூன்று தந்திகள் எப்படிச் சேர்ந்திருக்கின்றன என்று கேட்பேன். அளவுக்கு மீறிப் பிரிந்தால் பழைய பள்ளிக்கூடப் பியானோக்களில் கேட்கும் அந்தத் தகரக் குரல் வந்துவிடும். மூன்றையும் துளி பிசகாமல் ஒன்றாக்கினாலோ, மூன்றும் ஒரே திசையில் ஒலிப்பலகையை உந்தித் தங்கள் சக்தியை விரைவாக இறைத்துவிடும். சுரம் பிரகாசமாக எழுந்து சீக்கிரம் அடங்கிவிடும். 1977-இல் கேப்ரியல் வைன்ரைக் என்ற இயற்பியலாளர் இதை ஆராய்ந்து விளக்கினார். தந்திகளுக்கு நடுவே எண்ணிக்கையில் வராத அளவு வேறுபாடு இருந்தால், முதல் ஒலி தாழ்ந்த பிறகும் மெல்லிய ஒரு பின்னொலி நீண்டு நிற்கும். பியானோ பாடுகிறது என்று ரசிகர்கள் சொல்வது பெரும்பாலும் இந்தப் பின்னொலியைத்தான். எவ்வளவு வேறுபாடு, எந்தச் சுரத்துக்கு எவ்வளவு நீளம், இந்த அரங்குக்கு எது பொருந்தும் என்பதைத் தீர்மானிப்பது ட்யூனரின் ரசனை.

பியானோக் கச்சேரிக்குப் போனால் இடைவேளையில் எழுந்து போய்விடாதீர்கள். ட்யூனர் மேடைக்கு வந்து, முதல் பாதியில் அதிகம் அடிபட்ட மேல் ஸ்தாயிச் சுரங்களை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்ப்பது உண்டு. ஏதோ ஒன்றில் நிற்பார். ஒரு தந்தியை அடக்கி மற்ற இரண்டைக் கேட்பார். சாவி நகர்வது கண்ணுக்குத் தெரியாது. சுரம் மாறுவது கூர்ந்து கேட்டால் தெரியும்.